சணல் தூசுக்குப் பாஸ் போட்டவள்

ராஜலக்ஷ்மியிடம் கல்யாண வீடியோவைக் காட்டி நல்ல பெயர் வாங்கியவர் லேக் மார்க்கெட் வட்டாரத்தில் ஒருவரும் கிடையாது. பெண்ணைப் பெற்றவள் ஆசை ஆசையாக ஃபோனை நீட்டுவாள். ராஜி கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு திரையை மூக்கருகே கொண்டுபோவாள். அரக்குப் புடவை ஏன் கறுப்பாக இருக்கிறது என்று ஆரம்பிப்பாள். வாட்ஸப்பில் இவர் அவருக்கு, அவர் இவருக்கு என்று அனுப்பி அனுப்பி ஃபைல் தேய்ந்துவிட்டது, பின்வரிசையில் உட்கார்ந்திருக்கும் உன் நாத்தனாருக்கு மூக்கே இல்லை, வீடியோக்காரனிடம் போய் மூலத்தைக் கேட்டு வாங்கி வை என்பாள். நாத்தனாருக்கு மூக்கு போனதில் சிலருக்கு உள்ளூரச் சந்தோஷம்தான். ஆனாலும் ஆசையாகக் காட்ட வந்தவளின் முகம் சுருங்கிப்போகும்.

வம்புக்குச் செய்கிற காரியம் இல்லை இது. அவள் பிழைப்பே அதுதான். அப்பா வங்கி அதிகாரியாக மாற்றலாகி வந்த இந்த வங்காள ஊரில் பிறந்து, இங்கேயே படித்து, இருபத்திரண்டு வயதில் டாலிகஞ்சில் ஒரு ஸ்டூடியோவின் டேப் அறையில் வேலைக்குச் சேர்ந்தாள். டேப்பைப் போட்டு முழுசாகப் பார்ப்பது, எந்த நிமிஷத்தில் என்ன கோளாறு என்று எழுதுவது, கடைசியில் பாஸ் அல்லது ஃபெயில் போடுவது. டேப் போய் ஃபைல் வந்தது. ஸ்டூடியோவை இடித்துவிட்டு அடுக்குமாடி கட்டினார்கள். ஐம்பத்தொரு வயதில் இப்போது நியூ டவுனில், ஒன்பதாவது மாடியில், பழைய படச்சுருள்களை ஸ்கேன் செய்து டிஜிட்டல் ஃபைலாக்கிக் கொடுக்கிற கம்பெனியில் அதே வேலை. ரசத்தில் உப்பு இல்லை என்று சொன்னால் எத்தனாவது நிமிஷத்தில் என்று கேட்கிறாள் என்பது அவள் கணவர் ஸ்ரீனிவாசராகவனின் நிரந்தரப் புகார். அவர் கிடர்பூரில் துறைமுக அலுவலகத்தில் இருக்கிறார்.

ஒவ்வொரு ஃபைலையும் அவள் மூன்று முறை பார்ப்பாள். முதல் முறை கண்ணை மூடிக்கொண்டு, காதுக்கு மட்டும். இரண்டாவது முறை சத்தத்தை நிறுத்திவிட்டு, கண்ணுக்கு மட்டும். மூன்றாவது முறை இரண்டையும் சேர்த்து. மற்ற கம்பெனிகளில் ஒரே முறை, அதுவும் ஓட்டி ஓட்டிப் பார்ப்பார்கள். கம்பெனி முதலாளி வெங்கடநாராயணன் இந்த மூன்று முறைக் கதையை வாடிக்கையாளர்களிடம் பெருமையாகச் சொல்லித்தான் வேலை பிடிப்பான். ஆர்.எல். என்று அவள் முதலெழுத்து விழாமல் ஒரு ஃபைலும் வாசல் தாண்டாது என்பது அவனே போட்ட விதி. அவள் பாஸ் போட்ட பிறகு, அந்த வாரச் சனிக்கிழமையில், படத்தின் மூல ஸ்கேனை அழித்து இடத்தைக் காலி செய்வார்கள். ஃபெயில் என்றால் மூலத்தைத் தொடக்கூடாது. இதுவும் அவன் போட்ட விதிதான்.

துர்கா பூஜை லீவுக்கு எட்டு நாள் இருந்தது. தெருவெல்லாம் பந்தலுக்கு மூங்கில் நட்டாயிற்று. அந்தத் திங்கட்கிழமை அவள் மேஜைக்கு வந்தது இருபத்திரண்டு நிமிஷக் கறுப்பு வெள்ளைப் படம். ஹவுராவில் ஒரு சணல் ஆலைக்குள், எண்பத்து நாலாம் வருஷம், முகமது இஸ்மாயில் என்று ஒருவர் இரவல் காமிராவில் எடுத்தது. கிடர்பூர்த் தமிழர். அவருடைய அப்பா துறைமுகத்தில் மூட்டைக் கணக்கு எழுதியவர். சுருள் நாற்பது வருஷம் அவர் கட்டிலுக்கு அடியில் தகர டப்பாவில் கிடந்திருக்கிறது. டப்பாவைத் திறந்தபோது பிலிம் கெட்டுப்போன வினிகர் நெடி ஒன்பதாவது மாடி முழுக்கப் பரவியது. சுருங்கி, முறுகி, ஓரத் துளைகள் கிழிந்திருந்ததைப் படாத பாடுபட்டு ஒரே ஒரு முறை ஸ்கேன் செய்தார்கள். இன்னொரு முறை அந்தச் சுருள் யந்திரத்துக்குள் போகாது. வெளிநாட்டு ஆவணக் காப்பகம் ஒன்று இதை வாங்கிக்கொள்ளச் சம்மதித்திருந்தது. ஸ்கேனைத் துப்புரவு செய்கிற ஆள் லீவு என்பதால் வெங்கட்டே உட்கார்ந்து சாஃப்ட்வேரை ஓட்டிச் சுத்தம் செய்திருந்தான்.

ராஜி கண்ணை மூடிக்கொண்டு முதல் முறை கேட்டாள். தறிகளின் தடதடப்பு, சங்கு, யாரோ யாரையோ போஜ்புரியில் திட்டுவது. நடுவில் இருமல். சத்தத்துக்கான கட்டத்தில் 'இருமல், ஒன்பது இடங்கள்' என்று நிமிஷத்தோடு குறித்துக்கொண்டாள். இரண்டாவது முறை சத்தத்தை நிறுத்திப் பார்த்தாள். பளிச்சென்றிருந்தது படம். ஒரு கீறல் இல்லை, ஒரு புள்ளி இல்லை. உண்மையைச் சொல்லிவிட வேண்டும், அவளுக்கே பிடித்துப்போயிற்று. வெங்கட் கையில் வேலை இருக்கிறது என்று மனசுக்குள் மெச்சினாள்.

மூன்றாவது முறை. நாலாவது நிமிஷத்தில் தறிக்குப் பக்கத்தில் நின்ற ஒரு பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு இருமினாள். ராஜி நிறுத்தினாள். காற்று கழுவித் துடைத்த மாதிரி இருக்கிறது. இவள் எதற்கு இருமுகிறாள்?

பின்னால் போய்ப் பார்த்தாள், முன்னால் போய்ப் பார்த்தாள். ஒருவன் வாயையும் மூக்கையும் துணியால் கட்டிக்கொண்டு நிற்கிறான், திருட வந்தவன் மாதிரி. ஒருத்தி சுத்தமான தரையைப் பெருக்குகிறாள், பெருக்கிக்கொண்டே இருக்கிறாள். கடைசிக் காட்சியில் வேலை முடிந்து வெளியே வருகிற ஒரு வயசாளி தன் மார்பில் படார் படார் என்று அடித்துக்கொள்கிறார். என்ன துக்கமோ பாவம் என்றுதான் நினைக்கத் தோன்றும்.

மூல ஸ்கேனைத் திறந்தாள். அட கடவுளே. அந்த ஆலைக்குள் காற்றே இல்லை, சணல் இழைதான் இருந்தது. கூரைக் கண்ணாடி வழியாக வெயில் தூண் மாதிரி இறங்கியது, அந்தத் தூண் முழுக்க இழை நீந்தியது. பெருக்குகிறவள் பெருக்கப் பெருக்கத் தரையில் படிந்தது. கடைசியில் அந்த மனிதர் அடித்துக்கொண்டது மார்பை இல்லை, சட்டையை. அடிக்க அடிக்க அதிலிருந்து புகை மாதிரி தூசு கிளம்பி அவர் முகத்தையே மூடியது. வெங்கட் அதையெல்லாம் அழுக்கு என்று எடுத்துவிட்டிருந்தான்.

எப்படி நடந்தது என்று அவளுக்குப் புரிய ரொம்ப நேரம் ஆகவில்லை. பிலிமில் ஒட்டிய அழுக்கு ஒரே ஒரு ஃப்ரேமில் தலைகாட்டிவிட்டுப் போய்விடும். காற்றில் பறக்கிற இழை பல ஃப்ரேம்களுக்கு நீந்தும். சாஃப்ட்வேரை நிதானமாக ஓட்டினால் இரண்டையும் ஓரளவு பிரித்துவிடும். இவன் பூஜை அவசரத்தில் கடைசி வரை முடுக்கிவிட்டிருக்கிறான். வெள்ளையாய்ப் பறக்கிறதெல்லாம் அழுக்கு என்று அது வழித்துப் போட்டுவிட்டது. இந்தத் தொழிலில் எல்லாருக்கும் பிலிம் தூசைத் தெரியும், ஊர்த் தூசைத் தெரியாது.

படிவத்தில் ஃபெயில் போட்டாள். காரணம் என்ற கட்டத்தில் எழுதினாள்: 'இருமல் இருக்கிறது. காரணம் இல்லை.'

அரை மணியில் வெங்கட் வந்து நின்றான். இருவரும் லேக் ரோட்டில் ஒரே தெருவில் வளர்ந்தவர்கள், ஒரே பள்ளிக்கூடம். அலுவலகத்தில் நாலு பேர் நடுவில் அவன் அவளை 'ராஜி தி' என்பான், அவள் அவனை 'வெங்கட் தா' என்பாள், அக்கா அண்ணா என்கிற மரியாதை, பேச்சு வங்காளியில் நடக்கும். கண்ணாடிக் கதவைச் சாத்திவிட்டால் தமிழ், நீ, வா, போ. அன்று அவன் கதவைச் சாத்தினான்.

தூசைத் திரும்பக் கொண்டுவந்தால் ஃபைல் ஆறு மடங்கு வீங்கும் என்றான். காப்பகம் கேட்கிற அளவுக்குள் அமுக்கினால் அத்தனை தூசும் கட்டம் கட்டமாக, பாசி பிடித்த குளம் மாதிரி ஆகிவிடும் என்றான். அதுபோக, அங்கே ஃபைலை முதலில் பார்ப்பது மனுஷன் இல்லை, ஒரு சாஃப்ட்வேர். அது புள்ளிகளை எண்ணும், எண்ணிக்கை கூடினால் திருப்பி அனுப்பும். அவன் சொன்னது ஒன்றும் பொய்யில்லை. அமுக்காதே, பெரிய ஃபைலாகவே கொடு, எண்ணினால் எண்ணட்டும் என்றாள் ராஜி. வெங்கட் கடைசியாகத் தன் துருப்பை எடுத்துப் போட்டான். சுத்தம் செய்த படத்தை இஸ்மாயிலுக்கே வாட்ஸப்பில் அனுப்பியிருந்தான். ரொம்ப அழகாக வந்திருக்கிறது, கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது என்று அவர் குரலில் பதில் வந்திருந்தது. அதைப் போட்டுக் காட்டினான்.

"படத்தோட அப்பனே சரின்னுட்டார். உனக்கு என்னடி வந்தது?"

"அப்பன் பார்த்தது உள்ளங்கை அகலம். அதுல யானையே எறும்பாத்தான் தெரியும், தூசு தெரியுமா?"

"ராஜி, உன் வேலை பிக்சர் க்வாலிட்டி பாக்கறது. படத்துக்கு அர்த்தம் பாக்கறது இல்லை."

"ரெண்டும் தனித்தனின்னா எங்கே வெட்டறதுன்னு நீயே காட்டு. இந்த ஃபைல்ல காட்டு. இருமறவளுக்கு இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா?"

அவன் ஃபோனைப் பையில் போட்டுக்கொண்டான். சனிக்கிழமை காலை வரை டயம் தருகிறேன், அதற்குள் பாஸ் போடு, இல்லாவிட்டால் பாஸ் போட வேறு ஆளை வைத்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டுப் போனான். கோபத்தில்கூடச் சொல்லவில்லை, நிதானமாகச் சொன்னான். வேறு ஆள் வந்தால் அன்றே பாஸ், அன்றே மூலம் அழியும். பிறகு அந்த ஆலைத் தூசு உலகத்தில் எங்கேயும் இருக்காது. கிடர்பூரில் கட்டிலுக்கு அடியில் வினிகர் வாடை மட்டும் இருக்கும்.

மறுநாள் காலை பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து அவள் பயந்தாள், மறைக்க என்ன இருக்கிறது. ஐம்பத்தொரு வயதில் அவளை யார் வேலைக்கு வைப்பார்கள்? ஃபைலைப் பார்க்க இப்போது சாஃப்ட்வேர் இருக்கிறது, சம்பளம் கேட்காது, கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு எதிர்த்துப் பேசாது. வெங்கட்டுக்கும் தனக்கும் நாற்பத்தைந்து வருஷப் பழக்கம், ஒரு படத்துக்காக அதை அறுத்துக்கொள்ள வேண்டுமா என்று வீட்டில் ஸ்ரீனிவாசராகவன் கேட்டதும் நியாயம்தான். பஸ் பந்தல்களுக்கு நடுவே ஊர்ந்தது. அந்தப் பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு இருமிய காட்சியும் பின்னாலேயே வந்தது. அவளுக்கு இருமத்தான் முடிந்தது, எதனால் என்று சொல்ல முடியவில்லை; அதைச் சொல்லத்தானே ஒருத்தர் காமிராவைத் தூக்கிக்கொண்டு போயிருக்கிறார். அதையும் பிடுங்கிக்கொண்டு நாம் பாஸ் போடுவதா? போடா என்று வாய்விட்டே சொல்லிவிட்டாள். பக்கத்து இருக்கைக்காரர் தன்னைத்தான் சொல்கிறாளோ என்று கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தார்.

ஆபீஸ் போனதும் இஸ்மாயிலுக்கு ஃபோன் செய்தாள். வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து வருகிறேன் என்றார். வெங்கட்டிடமும் சொன்னாள், ஒளித்துச் செய்கிற வேலை அவளுக்குப் பழக்கமில்லை. வரட்டும், வந்து பெரிய திரையில் பார்த்துக் கையெழுத்தும் போட்டுவிட்டுப் போகட்டும் என்று அவன் உற்சாகமாகவே சொன்னான்.

இஸ்மாயில் இரண்டு பஸ் மாறி, பந்தல் நெரிசலில் சிக்கி, நாலு மணிக்கு வந்து சேர்ந்தார். எழுபத்து மூன்று வயது. இஸ்திரி போட்ட சட்டை, பையில் மடித்த கைக்குட்டை. தன் படத்தைப் பெரிய திரையில் பார்க்கப்போகிறோம் என்ற கூச்சம் அவருக்கு. திரை அறையில் அவரை நடுவில் உட்காரவைத்து, வெங்கட் ஒரு பக்கம், ராஜி ஒரு பக்கம். இரண்டு ஃபைல் போடுகிறேன் சார், எது எது என்று நான் சொல்லமாட்டேன், நீங்கள் பாருங்கள் என்று மட்டும் சொன்னாள்.

முதலில் சுத்தம் செய்தது. இஸ்மாயில் பூரித்துப்போனார். இவன் தறிக்காரன், ரொம்பப் பாசக்காரன். இவள் பெயர் மறந்துபோச்சு, புளியங்கொட்டை வறுத்துக் கொண்டுவந்து தருவாள் என்று ஒவ்வொருவராகக் காட்டிக்கொண்டே வந்தார். வெங்கட் ராஜியைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினான். அவள் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அடுத்தது மூலம். கீறலும் வெட்டுத் தழும்புமாகத்தான் ஓடியது. இஸ்மாயில் பேச்சை நிறுத்தினார். மூன்றாவது நிமிஷத்தில் வெயில் தூண் இறங்கியது. அவர் கை தானாகச் சட்டைப் பைக்குப் போயிற்று. கைக்குட்டையை எடுத்து உதறி, மூக்கையும் வாயையும் சேர்த்துப் பொத்திக்கொண்டார். தான் அப்படிச் செய்வதே அவருக்குத் தெரியவில்லை. ஏ.சி. அறையில், நியூ டவுனில், ஒன்பதாவது மாடியில், படம் முடிகிற வரை அந்தக் கையை எடுக்கவில்லை. கடைசியில் அந்த வயசாளி சட்டையைத் தட்டியபோது கண்ணை இடுக்கிக்கொண்டு முகத்தைத் திருப்பினார். வெங்கட் அவரையே பார்த்துக்கொண்டிருந்தான்.

விளக்கைப் போட்டார்கள். இஸ்மாயில் கைக்குட்டையைப் பார்த்தார், மெதுவாக மடித்தார்.

"மொதல்ல போட்டீங்களே, அது யாரு எடுத்த படம்?"

வெங்கட் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தான்.

"ஷூட்டிங் அன்னிக்கு மில்லு மேனேஜர் வந்தாரு. 'தண்ணி தெளிச்சிட்டு எடு தம்பி, படம் பளிச்சுன்னு வரும்'னாரு. ரெண்டு ஆளு வாளியோட ரெடியா நிக்கிறான். தெளிச்சா எடுக்கமாட்டேன்னு காமிராவ மூடிட்டேன். அரை நாளு சண்டை." அவர் வெங்கட்டைப் பார்த்துத்தான் பேசினார், குரலை உயர்த்தவில்லை. "அவரால தெளிக்க முடியல. நாப்பது வருசம் கழிச்சு நீங்க தெளிச்சிட்டீங்க. நானும் அத ஃபோன்ல பாத்துட்டு அழகா இருக்குன்னேன். எனக்கும்தான் புத்தியில்ல."

கையெழுத்துப் போடவேண்டிய தாளை அவர் வெங்கட்டிடம் திருப்பிக் கொடுத்தார். கீழே பஸ் நிறுத்தம் வரை ராஜி கூடப் போனாள். அவர் பஸ் ஏறும்போது அவள் தலையில் கைவைத்து ஆசீர்வாதம் மாதிரி ஏதோ சொன்னார், ஹாரன் சத்தத்தில் அவளுக்குக் காதில் விழவில்லை.

திரும்பி வந்தபோது வெங்கட் திரை அறையிலேயே உட்கார்ந்திருந்தான். மன்னிப்பு கின்னிப்பு எல்லாம் அவன் பரம்பரையில் கிடையாது. துப்புரவை முதலிலிருந்து யார் செய்வார்கள், பூஜை நேரத்தில் ஆள் எங்கே என்று எரிந்து விழுந்தான். நான் செய்கிறேன் என்றாள். சாஃப்ட்வேரை நம்பமாட்டேன், ஃப்ரேம் ஃப்ரேமாகக் கையால் எடுக்கிறேன் என்றாள். முப்பதாயிரம் ஃப்ரேமுக்கு மேல், பைத்தியமா உனக்கு என்றான். ஆமாம் என்றாள். சனிக்கிழமை வந்தது. மூலம் அழியவில்லை. வேறு ஆளும் வரவில்லை.

பூஜை லீவில் ஊரே பந்தல் பந்தலாகச் சுற்றியது. ராஜி சப்தமியன்றும் ஆபீஸுக்கு வந்தாள், அஷ்டமியன்றும் வந்தாள். கீறலை எடுத்தாள், வெட்டுத் தழும்பை ஆற்றினாள், பிலிமில் ஒட்டிய அழுக்கைப் பொறுக்கினாள். நீந்துகிறதைத் தொடவில்லை. சந்தேகம் வந்த இடத்தில் பத்து ஃப்ரேம் முன்னே, பத்து ஃப்ரேம் பின்னே போய்ப் பார்த்தாள். அதே இழை கொஞ்சம் தள்ளி இருந்தால், இரு அம்மா, நீ இருக்க வேண்டியவள்தான் என்று விட்டுவிட்டாள். நவமியன்று வெங்கட் வந்து பக்கத்துக் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து கடைசி ஆறு நிமிஷத்தை எடுத்துக்கொண்டான். அவன் எடுத்ததையும் அவள் மூன்று முறை பார்த்தாள். நாலு இடத்தில் ஃபெயில் போட்டாள்.

லீவு முடிந்து ஃபைல் போயிற்று, அமுக்காமல், வீங்கினபடியே. வெங்கட் சொன்னதும் நடந்தது. மூன்றாம் நாள் காப்பகத்தின் சாஃப்ட்வேர் அறிக்கை அனுப்பியது: தூசுப் புள்ளிகள், பதினோராயிரத்து நானூற்று எண்பத்திரண்டு. அனுமதிக்கத்தக்க அளவைவிட மிக அதிகம். திருத்தி அனுப்பவும், திருத்தவில்லை என்றால், பொறுப்பேற்றுப் பரிசோதகர் காரணம் எழுதவும்.

வெங்கட் அதை அச்செடுத்துக்கொண்டு வந்து அவள் மேஜையில் வைத்தான். இப்போது என்ன செய்யப்போகிறாய் என்று கேட்டான். கண்ணாடிக் கதவு திறந்திருந்தது, நாலு பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள், ஆனாலும் தமிழிலேயே கேட்டான்.

ராஜி கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கினாள். காரணம் என்ற கட்டத்தில், பேனாவை அழுத்தி எழுதினாள்:

'தூசு பிலிமில் இல்லை, ஆலையில் இருக்கிறது. இருமல் ஒன்பது. காரணம் பதினோராயிரத்து நானூற்று எண்பத்திரண்டு. பாஸ். ஆர்.எல்.'